உட்காராத மூட்டை

லாரியைப் பத்து மணிக்கு வரச் சொல்லியிருந்தார்கள். எட்டரைக்கே வந்து நூலகத்தின் பின்பக்கம் நின்றது. பழைய காகிதம் வாங்குகிறவர்கள் சொன்ன நேரத்துக்கு முன்னால் வந்ததாகச் சரித்திரம் இல்லை. என்ன விஷயம் என்று நூலகர் ஜன்னல் வழியே எட்டிப் பார்த்தாள். லாரியின் பின்கதவுக் கொண்டியைத் தட்டிக் கழற்றிக்கொண்டிருந்த ஆறு பேரில் ஒருவர் அவளுடைய அண்ணன்.

அவள் படியிறங்கிப் போவதற்குள் அவர் தலையில் துண்டைக் கட்டித் தயாராக நின்றார்.

"என்ன பாப்பா, உன் கடைய காலி பண்ண நானே வரணும்னு எழுதியிருக்கு பாரு."

"நீதான் வர்றேன்னு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"சொன்னா வேற ஆள அனுப்புன்னு சொல்லுவ."

"இங்க பாப்பான்னு கூப்பிடாத அண்ணே. இங்க நான் மேடம்."

"சரிங்க மேடம். சரக்கு எத்தனாவது மாடிங்க மேடம்?"

"மூணாவது."

"லிஃப்ட்டு?"

"இருக்கு. ஓடாது."

"அதான பாத்தேன்" என்று அவர் மற்ற ஐந்து பேரையும் பார்த்துக் கையை அசைத்தார். அவர்கள் காலிச் சாக்குக் கட்டுகளைத் தோளில் போட்டுக்கொண்டு ஏறினார்கள்.

அவர்களுடைய அப்பா தானியக் கிடங்கில் முப்பத்தொரு வருடம் மூட்டை தூக்கினார். அண்ணன் பதினாறு வயதில் அவருடைய கொக்கியை வாங்கிக்கொண்டார். இவள் படித்தாள். வீட்டில் இதைப் பற்றி யாரும் பெருமைப்பட்டதும் இல்லை, மூக்கைச் சிந்தியதும் இல்லை. மூன்று பேருக்கும் முதுகுவலி உண்டு. இவளுக்கு மட்டும் அது நாற்காலியால் வந்தது.

காலி செய்ய வேண்டியது மூன்றாவது மாடியில் இருந்த சட்டத் தீர்ப்புத் தொகுதிகள். கல்லூரியில் மாலை நேரச் சட்ட வகுப்பு நடந்த காலத்தில் வாங்கியவை. வகுப்பை மூடி இருபத்திரண்டு வருடம் ஆகிறது. நாலாயிரத்து முந்நூற்றுப் பதினாறு தொகுதிகள், எல்லாம் ஒரே உயரம், ஒரே சிவப்பு அட்டை. பத்து வருடத்தில் ஒன்றைக்கூட ஒருவரும் எடுத்ததில்லை என்று கணினி சொன்னது.

வியாழக்கிழமை ஆய்வுக் குழு வருகிறது. அன்று செவ்வாய். குழுவின் படிவத்தில் நாற்பது பேர் உட்கார்ந்து பேசிப் படிக்கக் குளிர்சாதன அறை ஒன்று இருக்க வேண்டும் என்று ஒரு வரி. அதே படிவத்தில், அடுத்த பக்கத்தில், மாணவர் ஒருவருக்கு இத்தனை புத்தகம் என்ற கணக்குக் குறையக் கூடாது என்று இன்னொரு வரி. இடமும் வேண்டும், எண்ணிக்கையும் வேண்டும். முதல்வர் இரண்டு வரியையும் மஞ்சள் பேனாவால் அடிக்கோடிட்டு அவளுக்கு அனுப்பியிருந்தார். அவ்வளவுதான் உத்தரவு.

நூலகத்துக்கு ஒன்பது பணியிடங்கள். ஆள் நாலு பேர். அதில் ஒருவர் இடுப்பு ஆபரேஷன் செய்துகொண்டு விடுப்பில் இருந்தார். இன்னொருவரைத் தேர்வு அலுவலகம் இரவல் வாங்கிக்கொண்டு போய் ஒரு வருடம் ஆகிறது. புத்தகத்தை இரவல் வாங்கினால் நினைவூட்டல் அனுப்பலாம், ஆளை வாங்கினால் என்ன செய்வது. மிச்சம் இவளும் உதவி நூலகரும். உதவி நூலகருக்கு ஐம்பத்தெட்டு வயது. எந்தப் புத்தகத்தின் எண்ணைக் கேட்டாலும் பார்க்காமல் சொல்வார் என்பதால் மாணவர்கள் அவருக்கு வைத்த பெயர் கேட்லாக். அவரே போனில் "கேட்லாக் பேசறேன்" என்றுதான் ஆரம்பிப்பார்.

அவளும் முழு நூலகர் இல்லை. பொறுப்பு நூலகர். நாலு வருடம் இரண்டு மாதமாகப் பொறுப்பு. திட்டு முழுதாக வரும், பதவி மட்டும் பாதியில் நிற்கும். ஆய்வு நல்லபடியாக முடிந்தால் அவளுடைய பெயரை நிரந்தரத்துக்கு மேலே அனுப்புவதாக முதல்வர் சொல்லியிருந்தார். கோப்பு அவர் மேசையில் இடது ஓரத்தில் இருந்தது. அவள் அந்த அறைக்குப் போகும்போதெல்லாம் அது அங்கேயே இருக்கிறதா என்று ஒரு கண் பார்த்துவிட்டு வருவாள்.

கழிப்பதற்கு ஒரு முறை உண்டு. புத்தகத்தை ஒவ்வொன்றாகக் கையில் எடுத்து, பார்கோடைப் படித்து, நீக்கம் என்று முத்திரை குத்தி, பதிவேட்டில் கோடு போட வேண்டும். கடைசியில் நூலகர் சான்றிதழ் தர வேண்டும்: மேற்கண்ட நூல்கள் அனைத்தையும் நானே நேரில் ஒவ்வொன்றாகச் சரிபார்த்தேன். முதல் இரண்டு அலமாரிகளை அவளும் கேட்லாக்கும் அப்படித்தான் பார்த்தார்கள். ஒன்றரை நாள் ஆனது. இருந்தது இருபத்தாறு அலமாரி. மூன்றாவதிலிருந்து தட்டின் முதல் தொகுதி எண்ணையும் கடைசித் தொகுதி எண்ணையும் படித்து டிக் போட்டுக்கொண்டே போனார்கள். ஒன்று முதல் நாற்பது வரை சிப்பாய் மாதிரி வரிசையில் நிற்கிறது, நடுவில் இருபத்தாறு இருக்கிறதா என்று யார் பார்ப்பது. எல்லா நூலகத்திலும் எல்லோரும் செய்வதுதான். திங்கள் மாலை சான்றிதழில் மூன்று பிரதியிலும் கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டாள்.

பதினொரு மணிக்குள் எண்பது மூட்டை கீழே இறங்கிவிட்டது. மாடியில் இரண்டு பேர் தட்டைத் தட்டாக அள்ளிச் சாக்கில் போட்டார்கள், மூன்று பேர் இறக்கினார்கள். அண்ணன் கீழே நின்று சணல் கயிற்றால் வாய் கட்டி முற்றத்தில் அடுக்கினார். முழுக்க அடுக்கிப் பார்த்துவிட்டுத்தான் லாரியில் ஏற்றுவார். அது அவர் பழக்கம்.

"பாப்பா" என்று கீழேயிருந்து குரல் வந்தது. பிறகு, "மேடம், ஒரு நிமிஷம் வந்துட்டுப் போங்க."

அவள் போனபோது அவர் ஒரு மூட்டையைக் காலால் தள்ளிக்கொண்டிருந்தார்.

"இது ஒக்கார மாட்டேங்குது."

"என்னது?"

"மத்தத பாரு. எல்லாம் ஒரே அளவு, செங்கல் மாதிரி. வச்சா வச்ச எடத்துல நிக்குது. இது சாயுது. இதோட இது மூணாவது. உள்ள வேற என்னமோ கெடக்கு."

"புத்தகம்தான் இருக்கும்."

"புத்தகம்தான். சேப்பு அட்டைக்காரன் இல்ல."

கயிற்றை அவிழ்த்து, தோள்வரை கையை விட்டு, கன்று ஈனும் மாட்டிடம் பார்க்கிற மாதிரி துழாவி, ஒரு தடித்த நீலப் புத்தகத்தை இழுத்துப் போட்டார்.

அவள் குனிந்து எடுக்கும் முன்பே தெரிந்துவிட்டது. உடலியங்கியல். ஆயிரத்து நானூறு பக்கம். நர்சிங் மாணவர்கள் அதைத் தடியன் என்பார்கள். தடியனைப் படிக்காமல் இரண்டாம் வருடம் தாண்ட முடியாது, சொந்தமாக வாங்கவும் முடியாது. கல்லூரியில் இருபது பிரதி இருந்தது. இரண்டு வருடத்தில் பதினாலு காணாமல் போய்விட்டது. வேறு புத்தகங்களும் சேர்த்துக் காணாமல் போனவை மொத்தம் எழுபத்தொன்று. அந்தப் பட்டியலைத் தயார் செய்தவள் அவள். அதைக் காட்டித்தான் முதல்வரிடம் எட்டு மாதம் மல்லுக்கட்டி வாசலில் திருட்டு மணி வைத்தாள். பையைத் திறந்து பார்க்கச் சொன்னாள். மிச்சம் இருந்த ஆறு தடியன்களை வீட்டுக்குத் தருவதை நிறுத்தி, காலை பத்து மணிக்கு டோக்கன், மாலை ஐந்துக்குத் திருப்பித் தர வேண்டும் என்று விதி போட்டாள். மணி இதுவரை ஒரு தடவை கத்தியிருக்கிறது, கணக்குப் பேராசிரியர் மறதியாகத் தூக்கிக்கொண்டு போன அகராதிக்கு.

புத்தகத்துக்குள் நீளமாக மடித்த காகிதம் இருந்தது. மேலே பெரிய எழுத்தில்: எடுத்தா எழுதுங்க. படிச்சிட்டு அதே எடத்துல வைங்க. 7வது அலமாரி, 3வது தட்டு, பின்னாடி. அதற்குக் கீழே தேதிகள். ஒவ்வொரு தேதிக்கும் ஓர் எழுத்து, ஒரு நேரம், ஒரு டிக். காகிதத்தின் இரண்டு பக்கமும் நிறைந்து, இன்னொரு காகிதத்தை ஒட்டியிருந்தார்கள். கடைசித் தேதி நேற்று.

அவள் மாடிக்கு ஏறினாள். அள்ளிக்கொண்டிருந்தவரிடம், "பின்னாடி ஏதாவது இருந்துச்சா?" என்று கேட்டாள்.

"ரெண்டு வரிசையாத்தான அடுக்கி வச்சிருந்தீங்க மேடம். நாங்க முன்னது பின்னது பாக்கல. எல்லாத்தையும் சேத்து அள்ளிட்டோம்."

காலியான தட்டில் அவள் கையை நீட்டிப் பார்த்தாள். பழைய காலத்து அலமாரி, ஆழம் அதிகம். தொகுதிகள் முன்பாதியில் நின்றன. பின்னால் ஒரு முழங்கை அளவுக்கு இடம். நாலு வருடமாக அந்த அறையின் சாவி அவளிடம்தான் இருந்தது. பகல் முழுக்கத் திறந்துதான் வைத்திருந்தாள், யாருமே வராத அறை என்பதால்.

கேட்லாக் புத்தகத்தின் எண்ணைப் பார்த்தார். "முப்பத்தெட்டாயிரத்து இருநூத்தி ஏழு. காணோம் பட்டியல்ல பன்னெண்டாவது" என்றார். அப்புறம் கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார். அவர் எதையாவது சொல்ல யோசித்தால் அப்படித்தான்.

"மேடம், நான் ஒண்ணு சொல்றேன். கணக்குப்படி இது காணாமப் போன புத்தகம். காணாமப் போனது மறுபடியும் காணாமப் போனா யாருக்கு நஷ்டம்?"

"அடுத்த புதன்கிழமை ரெண்டாம் வருஷத்துக்குப் பரீட்சை."

"அது வாஸ்தவம்தான். ஆனா நீங்களும் நானும் ஒவ்வொண்ணா பாத்தோம்னு சர்டிபிகேட் போயிருக்கு. ஒவ்வொண்ணா பாத்தவங்களுக்கு இது எப்படித் தெரியாம போச்சுன்னு கேப்பாங்க. எனக்கென்ன, ரெண்டு வருஷத்துல வீட்டுக்குப் போறவன். உங்களுக்குத்தான்."

அவள் கீழே வந்து அண்ணனிடம் கேட்டாள். "சாயற மூட்டைய மட்டும் பிரிச்சா போதுமா?"

"போதாது. அஞ்சாறு கெடந்தாத்தான் சாயும். ஒண்ணு ரெண்டுன்னா உள்ளயே முழுங்கிக்கிட்டு நல்ல புள்ள மாதிரி ஒக்காந்திருக்கும். அத்தனையும் பிரிக்கணும்."

"எத்தன வரும்?"

"மேல இருக்கறதையும் சேத்தா நூத்திப் பதினெட்டு. பிரிச்சு, பாத்து, திரும்பக் கட்ட சாயங்காலம் ஆகும். ஒரு மணிக்கு வண்டி வேற எடத்துக்குப் போகணும். ரெண்டு மணிக்கு மேல பெயிண்ட் அடிக்க ஆள் வராங்கன்னு நீதான சொன்ன?" அவர் குரலைத் தாழ்த்தினார். "சத்தமில்லாம பண்ண முடியாது பாப்பா. அதுக்குத்தான் கேக்கற, தெரியுது. முடியாது."

அதைத்தான் அவள் கேட்டாள். அவள் மூட்டை மேல் உட்கார்ந்தாள். லாரியை அனுப்பிவிட்டால் எல்லாம் சரியாக இருக்கும். கணினியில் சரி, பதிவேட்டில் சரி, சான்றிதழில் சரி. ஒரு எண்கூட இடிக்காது. அவளுடைய நாலு வருடத்தில் இவ்வளவு சுத்தமாக ஒரு கணக்கு பொருந்தியதே இல்லை. காகித ஆலையில் கூழாகப் போகிற புத்தகம் அவளுடைய நூலகத்தில் இல்லவே இல்லாத புத்தகம்.

"லாரிய ஏத்தாத. நான் வர்ற வரைக்கும் இரு" என்று சொல்லிவிட்டு எழுந்தாள்.

முதல்வர் கழிப்பறை ஓடு ஒட்டுகிற மேஸ்திரியிடம் போனில் பேசிக்கொண்டிருந்தார். முடித்துவிட்டு, "லாரி போயிருச்சா?" என்றார்.

"இல்ல சார். நிறுத்தி வச்சிருக்கேன்."

அவள் சொன்னாள். தடியன், பின்வரிசை, காகிதம், மூட்டை எல்லாவற்றையும் சொன்னாள். அவர் பாதியிலேயே கையை உயர்த்தினார்.

"ஒவ்வொண்ணா பாத்தேன்னு எழுதிக் குடுத்திருக்கீங்க."

"பாக்கல சார். வரிசையாத்தான் பாத்தேன்."

அவர் எழுந்து போய்க் கதவைச் சாத்தினார். திரும்பி வந்து உட்கார்ந்து, "இத நீங்க சொல்லல. நானும் கேக்கல. லாரி போகட்டும்" என்றார்.

"அடுத்த புதன் பரீட்சை சார்."

"ரெண்டு வருஷமா அந்தப் புத்தகம் இல்லாமத்தானம்மா எழுதறாங்க?"

"இல்ல சார். அந்தப் புத்தகத்த வச்சுத்தான் எழுதிட்டு இருக்காங்க. நமக்குத்தான் அது இல்ல."

அவருக்கு அது புரிய ஒரு நிமிடம் ஆனது. புரிந்ததும் முகம் இன்னும் சுருங்கியது. அவர் கெட்டவர் இல்லை. ஆய்வில் தரம் ஒரு படி குறைந்தால் கல்லூரிக்கு வருகிற பிள்ளைகள் குறைவார்கள், அப்புறம் எந்த வகுப்பை மூடுவது என்று அவரைத்தான் கேட்பார்கள். அதெல்லாம் அவளுக்கும் தெரியும்.

"நாளைக்கு அந்த ரூம்ல நாப்பது நாற்காலி இருக்கணும். வியாழக்கிழமை முத்தத்துல ஒரு சாக்கு இருக்கக் கூடாது. அத நீங்க பண்ணிக் குடுத்துருவீங்க, அது வேற. ஆனா சர்டிபிகேட் தப்புன்னு தெரிஞ்சப்புறம் உங்க பேர நான் மேல அனுப்ப முடியாது. அனுப்புனா நாளைக்கு என்னைக் கேப்பாங்க."

"தெரியும் சார்."

"தெரிஞ்சுதான் வந்தீங்களா?"

"சொல்லாம பிரிச்சா உங்களுக்குக் கோவம் வரும்னு வந்தேன்."

"இப்ப மட்டும் வரலையா?" என்றார் முதல்வர். சிரிக்கவில்லை. "சரி, எழுதிக் குடுத்துட்டுப் பிரிங்க. எழுதாம ஒரு கயித்த அவுக்கக் கூடாது."

அங்கேயே அவருடைய வெள்ளைத்தாளை வாங்கி எழுதினாள். ஐந்து வரி. மூன்றாவது முதல் இருபத்தாறாவது வரையிலான அலமாரிகளில் நூல்களை ஒவ்வொன்றாகச் சரிபார்க்கவில்லை என்று எழுதும்போது எழுத்து கொஞ்சம் கோணியது. கையெழுத்துப் போட்டாள். கோப்பு இடது ஓரத்தில் இருந்தது. அவர் அதை எடுத்து, அவள் தாளை உள்ளே வைத்து, கீழ் இழுப்பறையில் போட்டார்.

அவள் திரும்பி வந்தபோது அண்ணன் போனில் யாரிடமோ டயர் பஞ்சர் என்று சொல்லிக்கொண்டிருந்தார். எதிர்முனையில் எந்த டயர் என்று கேட்டிருப்பார்கள் போல. "எல்லாந்தான்" என்று சொல்லி வைத்துவிட்டார்.

முற்றத்தில் வேலை ஆரம்பித்தது. ஆறு பேரும் மூட்டையை அவிழ்த்துக் கொட்டினார்கள். அவள் தரையில் உட்கார்ந்து சிவப்பை ஒருபக்கமும் மற்றதை ஒருபக்கமும் பிரித்தாள். கேட்லாக் ஒரு பெட்டியைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்து பட்டியலை மடியில் வைத்துக்கொண்டார். முதல் பத்து மூட்டை வரைக்கும் முனகினார். பிறகு புத்தகம் வரவர எண்ணைப் படித்து, "அட, நீயா?" என்று ஒவ்வொன்றையும் விசாரிக்க ஆரம்பித்தார். பெயிண்டர்கள் வந்தார்கள், மாடி இன்னும் காலியாகாததைப் பார்த்தார்கள், இறங்கி வந்து நிழலில் உட்கார்ந்து தேநீர் குடித்தார்கள்.

இரண்டேகால் மணிக்கு நீலச் சீருடை போட்ட பெண் ஒருத்தி வேகமாக உள்ளே போனாள். போன வேகத்தில் திரும்பி வந்து முற்றத்தில் நின்றாள். ஆஸ்பத்திரிச் சலவைப் பிரிவின் சீருடை. முழங்கை வரை தோல் வெளுத்துச் சுருங்கியிருந்தது.

"மேடம், அந்த ஏழாவது அலமாரி எங்க?" என்று கேட்டாள்.

"எதுக்கு?"

"சும்மாதான்."

"என்ன படிக்கிற?"

"நர்சிங். செகண்ட் இயர்."

"நர்சிங் பொண்ணுக்குத் தீர்ப்பு எதுக்கு?"

மூட்டைக்காரர்கள் சிரித்தார்கள். அப்போதுதான் அந்தப் பெண் கேட்லாக்கின் காலடியில் அடுக்கியிருந்த நீலப் புத்தகங்களைப் பார்த்தாள். முகம் வாடிவிட்டது.

"நாங்கதான் வச்சோம் மேடம்" என்றாள்.

"எத்தன பேரு?"

"பத்தொம்பது பேரு. மொதல்ல நாலு பேருதான் இருந்தோம். டோக்கன் வந்தப்புறம்தான் இத்தன பேரு."

"பொது புத்தகத்த ஒளிச்சு வைக்கிறது தப்புன்னு தெரியாதா? மத்தவங்க எப்படிப் படிப்பாங்க?"

"மத்தவங்களுக்குத்தான் பத்து மணிக்கு டோக்கன் குடுக்கறீங்களே. பத்து மணிக்கு நான் பெட்ஷீட் மடிச்சிட்டு இருப்பேன். ரெண்டு மணிக்கு ஓடி வந்தா ஆறும் போயிருக்கும். எங்க பத்தொம்பது பேருமே ஷிப்டு போறவங்கதான்."

"வந்து கேட்டிருக்கலாம்ல?"

"கேட்டேன் மேடம். போன வருஷம். உங்க ரூமுக்கே வந்து கேட்டேன். ரூல்ஸ் எல்லாருக்கும் ஒண்ணுதான்னு சொன்னீங்க."

அவளுக்கு நினைவில்லை. சொல்லியிருப்பாள். வாரத்துக்குப் பத்துப் பேரிடம் சொல்கிற வார்த்தை அது. சொல்லும்போது தலையை நிமிர்த்துவதுகூட இல்லை.

பெண் விடவில்லை. பயந்த முகத்தோடேயே பேசினாள். "வீட்டுக்கா எடுத்துட்டுப் போனோம்? உள்ளயேதான இருந்துச்சு. ரெண்டு வருஷத்துல எங்கள்ல ஒருத்தர்கூட ஒரு புத்தகம் தொலைக்கல." மூட்டைகளைப் பார்த்தாள். "நீங்கதான் தொலைக்கப் பாத்தீங்க."

அண்ணன் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு இருமினார். "பொண்ணு சரியாத்தான சொல்லுது மேடம்."

"நீ கயித்தக் கட்டு" என்றாள் நூலகர். பிறகு பெண்ணிடம், "ஷிப்டு முடிஞ்சு சாப்ட்டியா?" என்று கேட்டாள்.

"இல்ல."

"போய்ச் சாப்ட்டுட்டு உன் ஆளுங்கள்ல யார் இருக்காங்களோ கூட்டிட்டு வா. எந்தெந்தத் தட்டுல என்னென்ன வச்சீங்கன்னு இந்த சாருக்குச் சொல்லு. மூட்டை கட்டவும் ஆள் வேணும்."

ஏழு பேர் வந்தார்கள். மருந்தகத்தில் வேலை பார்க்கிறவன், இரவு காவலுக்குப் போகிறவன், கடையில் கல்லாவில் உட்காருகிறவள். தடியன் மட்டும் அவர்களுடையது. மற்றவை வேறு வகுப்பார் வைத்தவை. ஒருவர் இடத்தை ஒருவர் தொடக் கூடாது என்று அவர்களுக்குள் ஒரு கட்டுப்பாடு இருந்திருக்கிறது. கேட்லாக் அதைக் கேட்டுவிட்டு, "பார்கோடு இல்லாம நடத்தியிருக்கானுங்க" என்று தலையை ஆட்டினார். ஒரு காகிதத்தில் இருந்த டிக்குகளை எண்ணினார். ஒரே பிரதி இருநூற்று எட்டுத் தடவை கைமாறியிருந்தது. கவுண்டரில் இருந்த ஆறு தடியன்களில் எதுவும் அதில் பாதியைத் தொட்டதில்லை.

கடைசி மூட்டையைப் பிரிக்கும்போது மணி ஐந்து. காணாமல் போன எழுபத்தொன்றில் அறுபத்துமூன்று கிடைத்தது. தடியன் பதினாலும் வந்துவிட்டது.

லாரியை ஏற்றி முடித்து, அண்ணன் கைகால் கழுவிக்கொண்டு வந்தார். மற்றவர்கள் சரக்கின் மேல் ஏறி உட்கார்ந்துவிட்டார்கள்.

"வேலை போயிருமா?"

"போகாது. ஏறாது."

"அவ்வளவுதானா. நானும் நாப்பது வருஷமா அப்படித்தான் இருக்கேன்." துண்டை உதறித் தோளில் போட்டார். "வீட்ல அண்ணி கேட்டா என்ன சொல்லட்டும்?"

"ஒண்ணும் சொல்லாத."

"டயர் பஞ்சர்னு சொல்றேன்."

ஆய்வுக் குழு வியாழக்கிழமை வந்தது. மூன்று பேர். பெயிண்ட் வாசனை போகாத அறையில் நாலு நிமிடம் நின்றார்கள். ஒருவர் ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, எழுந்து, நன்றாக இருக்கிறது என்றார். இன்னொருவர் புத்தக எண்ணிக்கையைக் கேட்டார். கேட்லாக் பார்க்காமல் சொன்னார்.

பதினைந்து நாள் கழித்து அவளிடம் விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது. பதில் எழுதினாள். அதற்கும் பதில் வந்தது. பணியிடத்துக்கு வெளியிலிருந்து ஆள் எடுக்க விளம்பரம் செய்யப்படும், அதுவரை அவளே பொறுப்பில் தொடரலாம், மறு உத்தரவு வரும்வரை. வருகிறவரிடம் நூலகத்தை ஒவ்வொரு புத்தகமாகச் சரிபார்த்து ஒப்படைக்க வேண்டும். "ஒவ்வொரு" என்பதன் கீழ் மஞ்சள் கோடு இருந்தது.

லாரி போன மறுநாளே டோக்கன் நேரத்தை இரண்டாக்கியிருந்தாள். காலை பத்துக்குப் பத்துப் பிரதி, மதியம் இரண்டரைக்குப் பத்து. இரண்டரைக்குக் கவுண்டரில் உட்கார ஆள் கிடையாது. கேட்லாக், அது மாத்திரை போட்டுச் சாய்கிற நேரம் என்று எழுதியே கொடுத்துவிட்டார். அவளே உட்கார்ந்தாள். நீலச் சீருடைப் பெண் பரீட்சைக்கு முந்தின நாள் வரை தவறாமல் வந்தாள். நன்றி என்றெல்லாம் சொல்லவில்லை. டோக்கனை வைத்துவிட்டுக் கையை நீட்டுவாள், அவ்வளவுதான்.

ஒப்படைப்புக்கான சரிபார்ப்பை அவள் சனிக்கிழமைகளில் செய்தாள். ஒவ்வொன்றாக எடுத்து, படித்து, டிக் போட்டு, தட்டு காலியானதும் பின்னால் கையை விட்டுத் துழாவிவிட்டுத்தான் திரும்ப அடுக்குவாள். மூன்றாவது சனிக்கிழமை, முதல் மாடியில், யாரும் தொடாத பழைய அகராதிகளுக்குப் பின்னால் விரலில் ஏதோ தட்டியது. மெல்லிய புள்ளியியல் புத்தகம். கிடைக்காத எட்டில் ஒன்று. உள்ளே துண்டுக் காகிதம். திங்கள் வரை என்று மட்டும் எழுதியிருந்தது.

புள்ளியியலுக்குத் திங்கட்கிழமை மறுதேர்வு என்பது அறிவிப்புப் பலகையில் அவளே ஒட்டிய தாளில் இருந்தது.

காகிதத்தை உள்ளே வைத்து, புத்தகத்தை எடுத்த இடத்திலேயே, இருந்த மாதிரியே வைத்தாள். அதன் முன்னால் அகராதிகளை அடுக்கினாள். பட்டியலை எடுத்து அந்த எண்ணுக்கு எதிரே இருந்த "காணவில்லை"யைப் பென்சிலால் அடித்து, "இருக்கிறது, திங்களுக்குப் பின் பார்க்க" என்று எழுதிவிட்டு, அடுத்த தட்டுக்குக் கையை நீட்டினாள்.